முரண்நகை என்றால் சொன்னதற்கு எதிர்ப்பொருள், அவ்வளவுதானா?

கொடுக்காப்புளி:

பதினொன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு மாலையில் தமிழ் டியூஷன் எடுக்கிறேன். போன வாரம் வஞ்சப்புகழ்ச்சி அணி. எல்லாரும் சொல்கிற அதே குறள்தான், ‘தேவர் அனையர் கயவர் அவரும்தாம் மேவன செய்தொழுக லான்’. புகழ்வது போலப் பழிப்பது, பழிப்பது போலப் புகழ்வது என்று போர்டில் எழுதிப் போட்டு முடித்துவிட்டேன். ஒரு பையன் மட்டும், “சார், ஐரனின்னு சொல்றாங்களே, அதுவும் இதுவும் ஒண்ணா?” என்றான். கிட்டத்தட்ட அதேதான்ப்பா, தமிழில் முரண்நகை என்பார்கள், சொல்வது ஒன்று, பொருள் அதற்கு நேர் எதிர் என்றேன்.

அவன் விட்டால்தானே. “எங்க அம்மா தினமும் காலையில ‘துரை எழுந்துட்டாரா’ன்னு கேட்பாங்க. அது நக்கல்தானே சார்? அதுக்கு எதிர்ப்பொருள் என்ன, துரை எழுந்திரிக்கலையான்னா?” வகுப்பே சிரித்தது. நானும் சிரித்துச் சமாளித்துவிட்டேன், ஆனால் இரண்டு நாளாக மண்டையைக் குடைகிறது. அவன் சொல்வது சரிதானே? போதாக்குறைக்கு முரண்நகை, நகைமுரண், அங்கதம், எள்ளல் என்று ஆளுக்கொரு சொல்லைப் போடுகிறார்கள். எல்லாம் ஒன்றா, வேறு வேறா? தெரிந்தவர்கள் கொஞ்சம் விளக்குங்கள்.

திண்ணைப்பேச்சு:

முதலில் அந்தப் பையனுக்கு ஒரு கடலைமிட்டாய் வாங்கிக் கொடுங்கள். அவன் கை வைத்த இடத்தில்தான் மொழியியல்காரர்கள் நாற்பது வருடத்துக்கும் மேலாக மல்லுக்கட்டுகிறார்கள்.

எதிர்ப்பொருள் என்ற விளக்கம் ரொம்பப் பழையது, ரோமாபுரியின் பேச்சுக்கலை ஆசான் குயின்டிலியனிடமே இருக்கிறது. அதைப் பேச்சுவழக்குக்குப் பொருத்திக் கொஞ்சம் ஒழுங்குபடுத்தியவர் பால் கிரைஸ். 1975இல் அச்சான அவருடைய கட்டுரையின்படி, பேசுகிறவர் உண்மையைத்தான் சொல்வார் என்று கேட்பவர் எதிர்பார்க்கிறார். பேசுகிறவர் அதைப் பட்டவர்த்தனமாக மீறும்போது, சரி, இவர் சொல்லவருவது இது இல்லை என்று கேட்பவர் எதிர்ப்பக்கம் போகிறார். கொட்டுகிற மழையில் “என்ன அருமையான வெயில்” என்பதற்கு இது போதும். துரைக்குப் போதாது. அது ஒரு கேள்வி, கேள்வியில் ஏது உண்மை, ஏது பொய்?

1981இல் ஸ்பெர்பரும் வில்சனும் வேறு மாதிரி சொன்னார்கள். முரண்நகையில் நாம் ஒரு கருத்தைச் சொல்வதில்லை, யாரோ சொன்னதை, அல்லது நினைத்ததை, எதிரொலிக்கிறோம், கூடவே அதைப் பார்த்து உதட்டைச் சுழிக்கிறோம். நண்பன் “பத்து நிமிஷத்துல வந்துடுறேன்” என்று சொல்லிவிட்டு ஒன்றரை மணி நேரம் கழித்து வருகிறான், நாம் “பத்து நிமிஷம் ஆயிடுச்சா?” என்கிறோம். அவன் வார்த்தையை அவன் கையிலேயே திருப்பிக் கொடுக்கிறோம், அவ்வளவுதான்.

இதில் எனக்குப் பிடித்தது, வேறொரு புதிரையும் இது அவிழ்க்கிறது. புகழ்ந்து பழிப்பது எங்கும் நடக்கிறது, பழித்துப் புகழ்வது ஏன் இவ்வளவு அரிது? சாப்பாடு நன்றாக இருக்கும், பேருந்து நேரத்துக்கு வரும் என்கிற எதிர்பார்ப்பு எப்போதும் காற்றில் இருக்கிறது, யாரும் சொல்லாமலே அதை எதிரொலிக்கலாம். நல்ல சாம்பாரைப் பார்த்து “சகிக்கலை” என்றால் மட்டும் சண்டைதான் வரும். ஆனால் சமைத்தவர், “இன்னைக்கு சாம்பார் சரியா வரலை” என்று முன்பே சொல்லியிருந்து, நீங்கள் மூன்றாவது முறை ஊற்றச் சொல்லிக்கொண்டே “ஆமா, சகிக்கலை” என்று சொல்லிப் பாருங்கள். வேலை செய்யும், எதிரொலிக்க ஒரு குரல் முன்பே இருக்கிறது இல்லையா.

துரைக்கு வருகிறேன். 1984இல் கிளார்க்கும் கெரிக்கும், இது எதிரொலி இல்லை, நடிப்பு என்றார்கள். பேசுகிறவர் ஒரு கணம் வேறொரு ஆளாக வேடம் போடுகிறார், வேடம் என்று எதிராளிக்குத் தெரியும்படியே போடுகிறார். அந்த அம்மாவைப் பாருங்கள். மற்ற நேரமெல்லாம் ‘டேய்’. காலையில் மட்டும் ‘துரை’, அதோடு ‘எழுந்துட்டாரா’ என்று ஆர் விகுதி. பங்களா வாசலில் நிற்கிற வேலைக்காரியாகத் தன்னையும், படுக்கையில் கிடப்பவனை வெள்ளைக்காரத் துரையாகவும் ஒரே வாக்கியத்தில் ஆக்கிவிடுகிறார். எதிர்ப்பொருள் எதுவும் இல்லை, எதிர் வேடம்தான் இருக்கிறது. மரியாதையைக் கூட்டிக் குறைத்தே குத்துவதற்கு நம் மொழியில் விகுதியே தயாராக இருக்கிறது. ஐரனி என்ற இங்கிலீஷ் சொல்லின் மூலமான கிரேக்கச் சொல்லும் இதையொட்டியதுதான்: தெரிந்தும் தெரியாதவன் போல, தன்னைக் குறைத்துக் காட்டி நடிப்பவனுக்கு அங்கே எய்ரோன் என்று பெயர்.

ஏட்டுச்சுவடி:

மேலே சொன்னதில் பெரும்பாலும் சம்மதம், ஆனால் மேல்நாட்டுக்காரர்களிடம் போவதற்கு முன் ஔவையிடம் போயிருக்கலாம். புறநானூறு 95. அதியமானுக்காகத் தூது போன ஔவைக்குத் தொண்டைமான் தன் படைக்கலக் கொட்டிலைக் காட்டுகிறான், பார்த்துக்கொள், என் பலம் இதுதான் என்று. ஔவை என்ன சொல்கிறார்? இவை மயில்பீலி அணிந்து, மாலை சூட்டி, நெய் பூசி, காவல் உள்ள பெரிய மனையில் இருக்கின்றன. அவையோ, அதாவது அதியமானின் வேல்களோ, ‘பகைவர்க் குத்திக் கோடுநுதி சிதைந்து’ கொல்லனின் சின்னக் கொட்டிலில் கிடக்கின்றன. முடிந்தது. அடுத்து தன் தலைவன், உணவு இருந்தால் பிறருக்குக் கொடுப்பான், இல்லாவிட்டால் உள்ளதை உடன் பகிர்ந்து உண்பான் என்கிறார்.

இதில் பொய் எங்கே இருக்கிறது? ஒரு சொல்கூட இல்லை. வேல்கள் பளபளப்பதும் நிஜம், அதியமானின் வேல் முனை முறிந்திருப்பதும் நிஜம். ‘இவ்வே’, ‘அவ்வே’ என்று இரண்டு சுட்டுச் சொற்களை எதிரெதிரே வைத்துவிட்டு ஒதுங்கி நிற்கிறார், கணக்கைத் தொண்டைமான் போட்டுக்கொள்ள வேண்டும். போர்க்களம் பார்க்காத வேல்தான் பளபளக்கும் என்று அவனுக்கே உறைக்கும்போது பாட்டு முடிந்திருக்கும். நீங்கள் நடத்திய குறளும் அப்படித்தான். கயவர் தம் மனம்போனபடி நடப்பார்கள் என்ற காரணம் அப்பட்டமான உண்மை. ஆகவே ‘எதிர்ப்பொருள்’ என்பதைப் போர்டிலிருந்து அழித்துவிடுங்கள் ஐயா.

சொற்களைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். அங்கதத்தைத் தனியாக வையுங்கள். தொல்காப்பியச் செய்யுளியல் அதைச் செம்பொருள் அங்கதம், பழிகரப்பு அங்கதம் என்று இரண்டாகப் பிரிக்கிறது, முதலாவது நேரடி வசை, மற்றது மறைத்துச் சொல்வது. அதாவது அங்கதத்தின் நோக்கம் பழித்தல், முரண்நகை அதற்கு உதவும் கருவிகளில் ஒன்று. முரண்நகையும் நகைமுரணும் ஒரே சொல்லைத் திருப்பிப் போட்டதுதான், அதற்காக அடித்துக்கொள்பவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும். எள்ளல் ஒரு மனநிலை, நகை பிறக்கும் நான்கு நிலைக்களன்களில் ஒன்றாகத் தொல்காப்பியம் அதைச் சொல்கிறது.

இன்னொன்று, யாருமே கிண்டல் செய்யாமல் நிகழ்கிற முரண்நகையும் உண்டு. சிலப்பதிகாரத்தில் கோவலன் பொற்கொல்லனிடம் போய், ‘காவலன் தேவிக்கு ஆவதோர் காற்கணி’, அரசிக்கே பொருத்தமான சிலம்பு இது, விலை சொல்ல உன்னால் ஆகுமா என்று கேட்கிறான். பாவம், விளம்பரம் செய்கிறான். அரசியின் சிலம்பைத் திருடி வைத்திருப்பவனிடமே. பதிகத்திலேயே கதை முழுக்கச் சொல்லப்பட்டுவிட்டதால் நமக்கு அந்தச் சொல் ஒவ்வொன்றும் சுடுகிறது, அவனுக்கு மட்டும் தெரியவில்லை. சொஃபோக்ளிஸின் நாடகத்தில் கொலையாளியைச் சபிக்கிற ஈடிபஸ் தன்னையே சபித்துக்கொள்கிறானே, அதே வகை. 1833இல் கானப் தேர்ல்வால் சொஃபோக்ளிஸைப் பற்றி எழுதிய கட்டுரைக்குப் பிறகுதான் இந்த வகைக்கும் முரண்நகை என்ற பெயர் இங்கிலீஷ் விமர்சனத்தில் ஊன்றியது. சொல்பவரின் முரண்நகை வேறு, கதை செய்கிற முரண்நகை வேறு என்று பிள்ளைகளுக்குப் பிரித்துச் சொல்லிவிட்டால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

இரவுப்பணி:

இலக்கியமெல்லாம் இருக்கட்டும், எழுத்தில் போட்டால் ஏன் சொதப்புகிறது என்று யாராவது சொல்லுங்கள். எங்கள் குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவில் மூன்று நாளாகத் தண்ணீர் வரவில்லை. “மூன்று நாளும் குளிக்கும் வேலையை மிச்சப்படுத்திய சங்கத்துக்கு நன்றி” என்று போட்டேன். செயலாளர் கும்பிடு போட்டு, “உங்கள் புரிதலுக்கு நன்றி” என்று பதில் போட்டுவிட்டார். அதற்குப் பதினோரு பேர் கட்டைவிரல். அவர் நிஜமாகவே புரியாமல் போட்டாரா, என்னைத் திருப்பி அடித்தாரா என்று இன்றுவரை தெரியாது.

திண்ணைப்பேச்சு:

@இரவுப்பணி, திருப்பித்தான் அடித்திருக்கிறார் என்று எனக்குத் தோன்றுகிறது. சந்தேகம் இருந்தால் அடுத்த கூட்டத்தில் முகத்தைப் பாருங்கள்.

பேச்சில் இழுப்பும் முகமும் கைகொடுக்கும். எழுத்தில் அது போய்விடும். நமக்காவது ‘ஆக்கும்’, ‘தான்’ மாதிரி சில இருக்கின்றன. “பெரிய கலெக்டராக்கும்” என்று எழுதினால் யாரும் ஏமாற மாட்டார்கள். ஆனால் ‘தான்’ கொஞ்சம் வழுக்கும். “நல்லாத்தான் இருக்கு” என்பது அரைமனதுப் பாராட்டா, குத்தலா, இரண்டும் கலந்ததா என்று வீட்டுக்கு வீடு மாறும். பிரான்சில் அல்கான்டர் டி பிராம் என்பவர் 1899இல் இதற்கென்றே தனி நிறுத்தக்குறி வேண்டும் என்று கேள்விக்குறியைத் திருப்பிப் போட்டது போல ஒன்றை முன்வைத்தார். எடுபடவில்லை. குறி போட்டுவிட்டால் அப்புறம் அதில் என்ன ருசி?

சொதப்பலின் உச்சம் டேனியல் டிஃபோ. 1702இல், அரசுத் திருச்சபையை ஏற்காதவர்களை ஒழித்துக்கட்டுவதே சுருக்கு வழி என்று வெறியர்களின் குரலிலேயே பெயர் போடாமல் ஒரு துண்டுநூல் எழுதினார். வெறியர்களில் சிலர் நிஜமென்று நம்பி ஆமோதித்தார்கள், பிறகு உண்மை தெரிந்து கொதித்தார்கள். 1703 ஜூலையில் மூன்று நாள் லண்டனில் அவரைப் பலகையில் கழுத்தைப் பூட்டித் தெருவில் நிறுத்தினார்கள். இத்தனைக்கும் அவரும் அந்தத் திருச்சபையை ஏற்காதவர்தான். உங்களுக்குக் கும்பிடோடு போயிற்று.

கொடுக்காப்புளி:

எல்லாருக்கும் நன்றி, இது நேரடி நன்றி, எதிரொலி எல்லாம் இல்லை. போர்டில் எழுதியதை நாளை மாற்றி எழுதப்போகிறேன். புறநானூற்றுப் பாட்டை நகலெடுத்து வைத்தாயிற்று. ‘இதில் பொய் எங்கே இருக்கிறது, கண்டுபிடி’ என்று அவர்களிடமே விட்டுவிடலாம் என்று இருக்கிறேன்.

அந்தப் பையனின் அம்மா நேற்று ஃபீஸ் கட்ட வந்திருந்தார். பையன் வகுப்பில் நல்ல கேள்வி கேட்கிறான் என்றேன். “கேள்வியெல்லாம் நல்லாத்தான் கேட்பான்” என்றார். மேலே படித்ததிலிருந்து அது எந்தத் ‘தான்’ என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.