வீட்டுப்பாடத்தின்போது பக்கத்தில் உட்கார்வதை எப்போது நிறுத்துவது?

கேள்வி (ஏழாம் வகுப்பு மாணவியின் தாய்):

வணக்கம். என் மகள் ஏழாம் வகுப்பு படிக்கிறாள். முதல் வகுப்பிலிருந்தே நான் பக்கத்தில் உட்கார்ந்துதான் அவளை வீட்டுப்பாடம் செய்ய வைத்து வருகிறேன். தொடக்கத்தில் அது எங்கள் இருவருக்குமே பிடித்த நேரமாக இருந்தது. இப்போது நான் அருகில் இல்லாவிட்டால் அவள் புத்தகப்பையைத் திறப்பதே இல்லை. நான் இருந்தாலோ, ஒவ்வொரு கணக்கிலும் இரண்டாவது வரியை எழுதியதும் நிமிர்ந்து என் முகத்தைப் பார்க்கிறாள். என் புருவம் சற்றே நெரிந்தால் உடனே அழிக்கிறாள்; நெரியாவிட்டால் மேலே எழுதுகிறாள். அவள் கணக்கைப் பார்த்து முடிவெடுக்கவில்லை, என்னைப் பார்த்து முடிவெடுக்கிறாள் என்பது சென்ற வாரம்தான் எனக்கு உறைத்தது.

வீட்டுப்பாட நோட்டில் எல்லாம் சரியாக இருக்கிறது; தேர்வில் அதே வகைக் கணக்கு தவறாகிறது. மாலை நேரம் பெரும்பாலும் சண்டையில் முடிகிறது. "விட்டுவிடு, தானே படித்துக்கொள்வாள்" என்கிறார் என் கணவர். ஆறு ஆண்டுகளாகப் பிடித்திருந்த கையை ஒரே நாளில் விட்டால் அவள் விழுந்துவிடுவாளோ என்று எனக்குப் பயமாக இருக்கிறது. பெற்றோர் அக்கறை காட்ட வேண்டும் என்ற பொதுவான அறிவுரைகளைப் போதுமான அளவுக்குப் படித்துவிட்டேன். என் பங்கு எதுவரை, இந்த வயதில் எப்படி விலகுவது என்பதை அனுபவம் உள்ளவர்கள் நடைமுறையாகச் சொன்னால் நன்றியுடையவளாக இருப்பேன்.

மறுமொழி 1 (கணித ஆசிரியை):

வணக்கம் அம்மா. இருபத்திரண்டு ஆண்டுகளாக ஆறாம் வகுப்பு முதல் எட்டாம் வகுப்பு வரை கணிதம் கற்பித்து வருகிறேன். உங்கள் மகளுடையதைப் போன்ற நோட்டுகள் ஒவ்வோர் ஆண்டும் என் மேசைக்கு வருகின்றன. ஒரு தவறும் இல்லாத அந்த நோட்டுகளைத் திருத்துவதுதான் எனக்கு மிகவும் கடினம்.

ஓர் எடுத்துக்காட்டு சொல்கிறேன். 1/2, 1/3 ஆகிய இரண்டையும் கூட்டச் சொன்னால் சில பிள்ளைகள் 2/5 என்று எழுதுவார்கள். தொகுதியைத் தொகுதியோடும் பகுதியைப் பகுதியோடும் கூட்டியிருக்கிறார்கள் என்பது பார்த்தவுடன் தெரிந்துவிடும். 2/5 என்பது அரையைவிடக் குறைவு; அரையோடு இன்னும் கொஞ்சம் சேர்த்த பிறகு அரையைவிடக் குறைந்துபோவது எப்படி என்று நான் கேட்டால், அந்தப் பிள்ளை சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டுத் தானே சிரித்துவிடும். பின்னம் என்றால் என்னவென்று அந்தப் பிள்ளைக்கு உண்மையில் புரியத் தொடங்கும் இடம் அதுதான். ஆனால் வீட்டிலேயே அழிக்கப்பட்டு 5/6 என்று எழுதப்பட்ட நோட்டு என்னிடம் வரும்போது, இவருக்குப் புரிந்துவிட்டது என்று எண்ணி நான் அடுத்த பாடத்துக்குப் போய்விடுகிறேன். அன்பினால் நீங்கள் அழித்தது உங்கள் மகளைப் பற்றி எனக்குக் கிடைத்திருக்க வேண்டிய ஒரே தகவலை.

ஒரே நாளில் விலக வேண்டியதில்லை. முதலில் அதே அறையில் இருங்கள், ஆனால் வேறோர் இருக்கையில், உங்கள் முகம் அவளுக்குத் தெரியாதபடி, உங்கள் சொந்த வேலையைச் செய்துகொண்டு இருங்கள். தெரியாத கணக்குகளின் எண்ணைச் சுற்றி வட்டமிட்டுவிட்டு மற்றவற்றை எல்லாம் முடித்த பின்னரே உங்களிடம் வரலாம் என்று சொல்லிவிடுங்கள். "இது சரியா?" என்று கேட்டால், "சரியா என்பதை நீயே எப்படிக் கண்டுபிடிப்பாய்?" என்று திருப்பிக் கேளுங்கள். சமன்பாடாக இருந்தால் விடையைப் பிரதியிட்டுப் பார்க்கலாம். வகுத்தலாக இருந்தால் பெருக்கிப் பார்க்கலாம். தவறு இருந்தால் அது நோட்டில் அப்படியே இருக்கட்டும்.

மறுமொழி 2 (கல்வி ஆய்வுகளைப் பின்தொடர்பவர்):

ஆசிரியை சொன்னதற்கு ஆய்வுகளிலும் ஆதரவு இருக்கிறது. 1966இல் அமெரிக்காவில் ஜேம்ஸ் கோல்மன் தலைமையில் 6 லட்சத்துக்கும் மேற்பட்ட மாணவர்களைக் கொண்டு நடந்த ஆய்வு, மாணவர்களின் தேர்ச்சியில் காணப்படும் வேறுபாட்டைப் பள்ளியின் வசதிகளைவிடக் குடும்பப் பின்னணியே கூடுதலாக விளக்குகிறது என்று கண்டது. அதைப் படித்த பலர், பெற்றோர் மாலையில் உட்கார்ந்து பாடம் நடத்த வேண்டும் என்று பொருள்கொண்டுவிட்டார்கள். கோல்மன் அப்படிச் சொல்லவில்லை.

பெற்றோர் எதைச் செய்கிறார்கள் என்று பிரித்துப் பார்த்தவை பின்னால் வந்த ஆய்வுகள். நடுநிலைப் பள்ளி மாணவர்களைப் பற்றிய 50 ஆய்வுகளை நான்சி ஹில், டயானா டைசன் ஆகிய இருவரும் 2009இல் தொகுத்துப் பார்த்தபோது, தேர்ச்சியோடு மிக வலுவாகத் தொடர்புற்றிருந்தது வீட்டுப்பாட உதவி அன்று. படிப்பின் பயனைப் பற்றிப் பேசுவது, பிள்ளையின் எதிர்கால விருப்பங்களோடு படிப்பை இணைத்துக் காட்டுவது, எப்படித் திட்டமிட்டுப் படிப்பது என்று சேர்ந்து யோசிப்பது ஆகியவையே முன்னால் நின்றன. 2008இல் எரிகா படால் குழுவினர் செய்த தொகுப்பாய்வு உங்கள் கேள்விக்கு இன்னும் நெருக்கமானது: வீட்டுப்பாடத்தில் பெற்றோரின் ஈடுபாடு தொடக்கப்பள்ளி வயதில் நற்பயனோடும், நடுநிலைப் பள்ளி வயதில் எதிர்மறையாகவும் தொடர்புற்றிருந்தது. எப்போது, எங்கே உட்கார்ந்து படிப்பது என்ற விதிமுறையை வகுத்துக் கொடுப்பதோ நற்பயனோடு சேர்ந்தே காணப்பட்டது. பின்தங்கும் பிள்ளைக்குத்தான் பெற்றோர் கூடுதலாக உதவுவார்கள் என்பதால், உதவியே தேர்ச்சியைக் குறைக்கிறது என்று இதிலிருந்து நேராக முடிவுகட்டிவிட முடியாது. இதையும் சொல்லிவிட வேண்டும்.

ஒன்று கேட்கிறேன், தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம். உங்களுக்கே கணிதம் என்றால் சற்றுப் பயமா? 2015இல் எரின் மலோனி, சியன் பீலாக் முதலியோர் முதல் இரண்டு வகுப்புகளில் படிக்கும் பிள்ளைகளிடம் செய்த ஆய்வில், கணித அச்சம் கொண்ட பெற்றோர் அடிக்கடி வீட்டுப்பாடத்தில் உதவியபோது, அந்த ஆண்டில் பிள்ளைகள் கற்ற கணிதம் குறைந்து அச்சம் கூடியிருந்தது. அச்சம் இருந்தும் அடிக்கடி உதவாத பெற்றோரின் பிள்ளைகளிடம் இந்தத் தொடர்பு காணப்படவில்லை.

மறுமொழி 3 (வாசிப்புக் குறைபாடுள்ள மாணவனின் தந்தை):

மேலே எழுதிய இருவரையும் மதிக்கிறேன். ஆனால் "விலகி நில்லுங்கள்" என்பதை எல்லாருக்கும் பொதுவான விதியாக்குவதில் எனக்கு உடன்பாடு இல்லை. என் மகன் மூன்றாம் வகுப்பில் இருந்தபோது அவனுக்குக் கவனம் போதாது, சோம்பல் அதிகம் என்று பள்ளியில் இரண்டு ஆண்டுகள் தொடர்ந்து சொன்னார்கள். நானும் நம்பினேன், திட்டவும் செய்தேன். ஒருநாள் மாலை பக்கத்தில் உட்கார்ந்து அவன் விரலையே கவனித்தேன். ஒரு வரியில் சரியாகப் படித்த சொல்லை அடுத்த வரியில் வேறு சொல்லாகப் படித்தான். படம் இருந்த பக்கத்தைத் தடையில்லாமல் படித்தான். படத்தை என் கையால் மறைத்ததும் நின்றுவிட்டான். அதுவரை அவன் படித்துக்கொண்டிருக்கவில்லை, மனப்பாடமாகச் சொல்லிக்கொண்டிருந்தான். பிறகு முறையாகப் பரிசோதித்ததில் அது வாசிப்புக் குறைபாடு, டிஸ்லெக்சியா என்று தெரிந்தது. சிறப்புப் பயிற்சி தொடங்கியபோது அவனுக்கு ஒன்பது வயது. ஏழு வயதிலேயே தொடங்கியிருக்கலாம்.

ஆகவே அம்மா, விலகுவதற்கு முன் ஒரு வாரம் உட்காருங்கள். ஆனால் உதவுவதற்காக அன்று, பார்ப்பதற்காக மட்டும். அவள் எங்கே நிற்கிறாள்? கேள்வியைப் படிக்கும்போதா, என்ன செய்வது என்று முடிவெடுக்கும்போதா, கூட்டிப் பெருக்கும்போதா? அது தெரியாமல் கையை விடுவதும் என்னைப் பொறுத்தவரை பொறுப்பற்றதுதான்.

மறுமொழி 4 (ஆராய்ச்சி மாணவி):

என் அம்மாவுக்கு இரண்டாம் வகுப்புக்கு மேல் படிப்பு இல்லை. எனக்கு அவரால் எந்தக் கணக்கையும் சொல்லித்தர முடியாது. தைத்துக்கொண்டே, "இன்று என்ன நடத்தினார்கள், எனக்குச் சொல்" என்பார். நான் புரியாமல் ஒப்பித்தால் என் குரலின் வேகத்திலேயே கண்டுபிடித்துவிடுவார். "அந்த இடத்தை மட்டும் மெதுவாகச் சொல்" என்பார். அந்த இடம் பெரும்பாலும் எனக்குத் தெரியாத இடமாகவே இருக்கும். அவருக்கு விடை தெரியாததால் அவர் முகத்தைப் பார்த்து எனக்கு எந்தப் பயனும் இருக்கவில்லை! சகோதரியின் கேள்வியைப் படித்தபோது இது நினைவுக்கு வந்தது.

மறுமொழி 5 (கல்வி ஆய்வுகளைப் பின்தொடர்பவர்):

உங்கள் அம்மா செய்தது கற்றல் உளவியலில் நன்கு சோதிக்கப்பட்ட முறை. 2006இல் ரோடிகர், கார்பிக் ஆகிய இருவரும் ஒரு பகுதியைத் திரும்பத் திரும்பப் படித்தவர்களையும், படித்ததைப் புத்தகம் பாராமல் நினைவிலிருந்து எழுதியவர்களையும் ஒப்பிட்டார்கள். ஐந்து நிமிடம் கழித்து நடந்த தேர்வில் திரும்பப் படித்தவர்கள் முந்தினார்கள். ஒரு வாரம் கழித்து நடந்த தேர்வில் நினைவிலிருந்து எழுதியவர்கள் முந்தினார்கள்.

கேள்வி கேட்டவர் (பன்னிரண்டு நாட்களுக்குப் பிறகு):

அனைவருக்கும் நன்றி. ஆம் ஐயா, எனக்குக் கணிதம் என்றால் பயம்தான், பள்ளி நாட்களிலிருந்தே. அதை ஒப்புக்கொள்வதற்கே இரண்டு நாட்கள் ஆயின.

முதல் வாரம் வாயைத் திறக்காமல் பார்த்தேன். நினைத்ததைவிடக் கடினமாக இருந்தது. எண்களாக மட்டும் கொடுத்த கணக்குகளில் அவளுக்குத் தடையே இல்லை. வாக்கியக் கணக்குகளில்தான் நிற்கிறாள். அதிலும் கேள்வியை முழுவதும் படிக்காமல், கண்ணில் பட்ட இரண்டு எண்களை எடுத்துப் பெருக்கிவிடுகிறாள். இரண்டாவது வாரத்திலிருந்து நான் சன்னலோரம் உட்காருகிறேன். முதல் இரண்டு நாட்களும் அழுகை. மூன்றாம் நாள் நான்கு வட்டங்களோடு வந்தாள். "கேள்வியை உன் சொற்களில் எனக்குச் சொல்" என்றேன். சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஒன்றில் வழியைக் கண்டுபிடித்துக்கொண்டு பாதியில் எழுந்து போய்விட்டாள்.

இன்னும் இரண்டு ஐயங்கள் உள்ளன. தனியாக முடிக்கும் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு பரிசு தரலாம் என்கிறார் என் கணவர், அது சரியா? இப்போது நோட்டில் தவறுகள் அப்படியே போகின்றன. நேற்று, "பெற்றோர் கவனிப்பதில்லை" என்று சிவப்பு மையில் எழுதி வந்திருக்கிறது. இதற்கு என்ன செய்வது?

மறுமொழி 6 (கணித ஆசிரியை):

பரிசை முன்கூட்டியே பேசி வைக்காதீர்கள். 1973இல் லெப்பரும் அவருடைய உடன் ஆய்வாளர்களும், ஏற்கெனவே விரும்பி வரைந்துகொண்டிருந்த சிறு பிள்ளைகளிடம், வரைந்தால் பரிசுச் சான்றிதழ் கிடைக்கும் என்று முன்பே சொல்லிக் கொடுத்துப் பார்த்தார்கள். பின்னர் பரிசு இல்லாத நேரத்தில் அந்தப் பிள்ளைகளின் ஆர்வம் குறைந்திருந்தது. எதிர்பாராமல் பரிசு பெற்றவர்களிடம் அந்தக் குறைவு இல்லை. உங்கள் மகள் விரும்பித்தான் கணக்குப் போடுகிறாள் என்று இன்னும் சொல்ல முடியாதுதான். ஆனாலும் பாதியில் எழுந்து போனாள் என்றீர்களே, அந்த எழுந்துபோதலுக்கு விலை வைக்க வேண்டாம்.

சிவப்பு மைக் குறிப்பைப் பார்த்து எனக்கே வெட்கமாக இருந்தது; நானும் அப்படி எழுதியிருக்கிறேன். பெற்றோர்–ஆசிரியர் கூட்டம் வரை காத்திருக்காமல், நாளையே டைரியில் இப்படி எழுதி அனுப்புங்கள்: "இம்மாதம் முதல் என் மகள் வீட்டுப்பாடத்தைத் தானே செய்கிறாள். நான் திருத்துவதில்லை. வாக்கியக் கணக்குகளில் கேள்வியை முழுவதும் படிக்காமல் விடை எழுதுகிறாள் என்று கவனித்தேன். வட்டமிட்டவை அவளுக்குத் தெரியாதவை." இப்படி ஒரு குறிப்பு என் மேசைக்கு வந்திருந்தால், மறுநாள் வகுப்பில் அவளை எழுப்பி விடையைக் கேட்டிருக்க மாட்டேன், கேள்வியைப் படிக்கச் சொல்லியிருப்பேன்.