ஜெரால்டின் பேஜ்: எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

வெயில்மரம் எழுதியது:

போன ஞாயிறு மதியம் அம்மாவோடு உட்கார்ந்து 'தி ட்ரிப் டு பவுண்டிஃபுல்' பார்த்தேன். 1985-இல் வந்த படம். ஹூஸ்டன் நகரத்தில் மகன், மருமகளோடு இரண்டு அறை வீட்டில் அடைந்து கிடக்கும் கேரி வாட்ஸ் என்ற வயதான அம்மா, பென்ஷன் காசோலையை ஒளித்து வைத்துக்கொண்டு, சொல்லாமல் கொள்ளாமல் பஸ் ஏறித் தான் பிறந்து வளர்ந்த ஊருக்குக் கிளம்பிவிடுகிறார். அவ்வளவுதான் கதை. ஆனால் பஸ் நிலையத்தில் ஒரு காட்சி வரும். யார் வீட்டில் போய்த் தங்கலாம் என்று நம்பி வந்தாரோ அந்தத் தோழி இறந்துபோன செய்தியை டிக்கெட் கொடுப்பவர் சொல்ல, அதைக் கேட்டு அந்த முகம் மாறுகிற விதத்தைப் பார்த்துவிட்டு என் அம்மா எழுந்து அடுக்களைக்குப் போய்விட்டார். கொஞ்ச நேரம் கழித்துத்தான் வந்தார். அம்மாவுக்கு ஆங்கிலம் அரைகுறையாகத்தான் புரியும்.

அதிலிருந்து எனக்கு, கேரி வாட்ஸாக நடித்த ஜெரால்டின் பேஜ் என்ற இந்த நடிகையைப் பற்றியே நினைப்பு. தேடிப் பார்த்ததில் எட்டு முறை ஆஸ்கர் பரிந்துரை, எட்டாவது தடவைதான் கிடைத்தது, அது இந்தப் படத்துக்கு என்று தெரிந்தது. இவ்வளவு பெரிய ஆள் என்றால் ஏன் ஹெப்பர்ன், பெட்டி டேவிஸ் பெயர்கள் மாதிரி இவர் பெயர் நம் காதில் விழவில்லை? அடிப்படையில் நாடக நடிகை என்கிறார்கள். அப்படியானால் இவருடைய நல்ல வேலையெல்லாம் மேடையோடு போய்விட்டதா, இல்லை பார்க்க ஏதாவது மிச்சம் இருக்கிறதா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கடைசிவரிசை எழுதியது:

உங்கள் அம்மா எழுந்துபோன அதே இடத்தில் நானும் படத்தை நிறுத்திவிட்டுச் சும்மா உட்கார்ந்திருக்கிறேன். சரி, கேட்டதற்கு வருகிறேன், கொஞ்சம் நீளமாகப் போகும்.

பேஜ் 1924-இல் மிசூரி மாநிலத்தின் கர்க்ஸ்வில் என்ற சிற்றூரில் பிறந்தவர். சிகாகோவில் குட்மன் நாடகப் பள்ளியில் படித்து முடித்து நியூயார்க் வந்து, தொப்பி-கோட்டு வாங்கி வைக்கும் வேலை, தொழிற்சாலை வேலை என்று கிடைத்ததையெல்லாம் செய்துகொண்டு காத்திருந்தார். 1952-இல் கிரீனிச் வில்லேஜ் பகுதியில், முன்பு இரவு விடுதியாக இருந்த ஓர் இடத்தைச் சின்ன அரங்காக மாற்றி நடத்திவந்த சர்க்கிள் இன் த ஸ்கொயர் குழுவில், ஹோசே கின்டெரோ இயக்கத்தில் 'சம்மர் அண்ட் ஸ்மோக்' நாடகத்தில் ஆல்மா என்ற பாதிரியார் மகளாக நடித்தார். டென்னசி வில்லியம்ஸின் இந்த நாடகம் நான்கு வருடம் முன்பு பிராட்வேயில், அதாவது நியூயார்க்கின் பெரிய வணிக நாடக அரங்குகளில் ஒன்றில், வந்து எடுபடாமல் போன ஒன்று. மூன்று பக்கமும் ஆட்கள் உட்கார்ந்து கை நீட்டினால் தொடுகிற தூரத்தில் பார்க்கும் இந்தச் சின்ன இடத்தில் அது பிடித்துக்கொண்டது. பிராட்வேக்கு வெளியே இப்படிச் சின்ன அரங்குகளில் நடக்கும் நாடகங்களை ஆஃப்-பிராட்வே என்று இன்று சொல்கிறார்களே, அதற்கு மரியாதை வந்த கதையை எழுதுகிற யாரும் இந்த 1952-ஐத் தாண்டிப் போக முடியாது.

அடுத்த வருடமே ஜான் வெய்னோடு 'ஹாண்டோ', அதற்கே முதல் ஆஸ்கர் பரிந்துரை. ஆனால் அதற்குப் பிறகு 1961 வரை ஹாலிவுட் பக்கமே இல்லை. அவர் ஊட்டா ஹாகனிடம் நடிப்புப் பயின்றவர், ஹாகன் பெயர் அந்தக் காலத்துக் கம்யூனிஸ்ட் வேட்டையில் வேலை தரக் கூடாதவர்களின் கறுப்புப் பட்டியலில் இருந்தது, அந்தத் தொடர்பே இவருக்கும் கதவைச் சாத்தியது என்று சொல்லப்படுகிறது. முதல் பரிந்துரைக்குப் பிறகு இத்தனை வருடம் என்பது ஒரு நடிகைக்குச் சின்ன இழப்பு இல்லை. முப்பது வயதில் திரையில் நிலைத்திருக்க வேண்டியவர் மேடையில் இருந்தார். உங்கள் 'ஏன் பெயர் காதில் விழவில்லை' என்ற கேள்விக்குப் பாதி பதில் அங்கே இருக்கிறது.

மேடையோடு எல்லாம் போய்விட்டதா என்று கேட்டீர்கள். அந்தத் தலைமுறையில் பெரும்பாலானவர்களுக்கு அப்படித்தான் போனது. 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' பிராட்வேயில் பிளாஞ்ச் ஆக நடித்தவர் ஜெசிகா டாண்டி, படம் எடுத்தபோது அந்த வேடம் விவியன் லீக்குப் போனது. 'ஹூ இஸ் அஃப்ரெய்ட் ஆஃப் வர்ஜினியா உல்ஃப்?' நாடகத்தில் ஹாகன் மேடையில் உருவாக்கிய மார்த்தா, படத்தில் எலிசபெத் டெய்லர் ஆனார். மேடையில் ஒருத்தி மாதக்கணக்கில் உடம்பைக் கொடுத்து உருவாக்குவது, திரையில் இன்னொருத்தி முகத்தோடு நிலைப்பது. பேஜுக்கு மட்டும் இரண்டு முறை அது நடக்காமல் தப்பியது: 'சம்மர் அண்ட் ஸ்மோக்' 1961-லும் 'ஸ்வீட் பேர்ட் ஆஃப் யூத்' 1962-லும் படமானபோது இரண்டிலும் அவரே நடித்தார். இரண்டுக்கும் ஆஸ்கர் பரிந்துரை.

அதனால் என் யோசனை, 'ஸ்வீட் பேர்ட்' முதலில் பாருங்கள். வயதாகிவிட்டது என்ற பயத்தில் ஓடி ஒளிந்து, போதையில் கிடக்கும் ஒரு சினிமா நட்சத்திரம், கூட பால் நியூமன். 1959-இல் எலியா கசான் இயக்கத்தில் மேடையில் இதைத் தொடங்கியபோது பேஜுக்கு 34 வயதுதான், அதை நினைவில் வைத்துக்கொண்டு பாருங்கள். தொலைபேசியில் தன் படம் வெற்றி என்று கேள்விப்படும் காட்சியில் உயிரில்லாமல் கிடந்த ஒருத்தி நம் கண் முன்னாலேயே நிமிர்ந்து இளமையாகிவிடுகிறாள். படத்தின் முடிவை ஹாலிவுட்காரர்கள் சாதுவாக்கிவிட்டார்கள், எனக்கு அதில் இன்னும் கோபம் உண்டு. அவரைக் கெடுக்க முடியவில்லை.

திரைச்சீலை எழுதியது:

கடைசிவரிசை சொன்னதில் பாதிக்கு உடன்படுகிறேன். ஆனால் புதிதாக வருபவரிடம் 'ஸ்வீட் பேர்ட்', 'சம்மர் அண்ட் ஸ்மோக்' இரண்டையும் முதலில் கொடுப்பது சரியில்லை. இரண்டிலும் மேடைக்காக அளந்த நடிப்பு அப்படியே கேமரா முன்னால் வந்திருக்கிறது. அந்தக் கை படபடப்பு, வாக்கியத்தின் நடுவில் குரல் தேம்பி ஏறுவது, வார்த்தை வருவதற்கு முன்பே முகம் மூன்று முறை மாறுவது. அரங்கில் அது அழகாக இருந்திருக்கும். குளோசப்பில் எனக்கு மூச்சு முட்டுகிறது. இந்தக் குறையைப் பல விமர்சகர்கள் அப்போதே சொன்னார்கள்.

'இன்டீரியர்ஸ்' பாருங்கள், 1978, வூடி ஆலன். வீட்டு அலங்காரமே வாழ்க்கையாக இருந்த ஓர் அம்மா, கணவன் பிரிந்துபோனதும் உள்ளுக்குள் உடைகிறாள். டேப்பை இழுத்து இழுத்து ஜன்னல் இடுக்குகளை அடைக்கும் காட்சி ஒன்று உண்டு, அந்த டேப் கிழியும் சத்தத்தை மறக்கவே முடியாது. அங்கே கை நடுக்கம் எல்லாம் அடங்கி, ஒரு பூச்சாடியை இரண்டு அங்குலம் நகர்த்தி வைப்பதில் வந்து நிற்கிறது. அதற்கு பிரிட்டனின் பாஃப்டா திரைப்பட விருது வாங்கினார். 'தி பிகைல்ட்' (1971) கூட நல்ல தேர்வு, உள்நாட்டுப் போர்க் காலத்துப் பெண்கள் பள்ளியின் தலைமையாசிரியை, எதிரே கிளின்ட் ஈஸ்ட்வுட். அம்மாவோடு பார்க்க வேண்டாம்.

அப்புறம், வீட்டில் குழந்தைகள் இருந்தால் டிஸ்னியின் 'தி ரெஸ்க்யூயர்ஸ்' கார்ட்டூனில் வைரத்துக்காகச் சிறுமியைக் கடத்தும் மேடம் மெடூசாவின் குரல் இவர்தான். பத்து வயதில் அந்தக் குரலுக்குப் பயந்தவள் நான், இவர் என்று தெரிந்தது இருபது வருடம் கழித்து.

கடைசிவரிசை எழுதியது:

திரைச்சீலை, கை படபடப்பு பற்றி நீங்கள் சொல்வதை மறுக்கிறேன். ஆல்மா அப்படிப்பட்டவள். மூச்சுத் திணறல், நெஞ்சுப் படபடப்பு, செயற்கையான பேச்சு என்று ஊரே அவளைக் கேலி செய்கிறது, அது நாடகத்திலேயே எழுதியிருக்கிறது. பேஜ் அதை விட்டுவிட்டு அமைதியாக நடித்திருந்தால் வேறு பெண்ணாகியிருப்பாள். கடைசிக் காட்சியில், பூங்காவில் ஒரு அந்நியனிடம் பேசும்போது அதே கைகள் எப்படி இருக்கின்றன என்று மட்டும் திரும்ப ஒருமுறை பாருங்கள். படம் முழுக்க அலைந்த கை அங்கே நிற்பதற்காகத்தான் அவ்வளவு அலைந்தது என்பது என் எண்ணம்.

திரைச்சீலை எழுதியது:

கடைசிக் காட்சிக்கு ஒப்புக்கொள்கிறேன். மற்றதற்கு இல்லை. :)

வெயில்மரம் எழுதியது:

இருவருக்கும் நன்றி, இரண்டு வழியிலும் பார்க்கிறேன். அந்த எட்டாவது பரிந்துரை இரவைப் பற்றி யாராவது சொல்ல முடியுமா? வெறும் இரக்கத்தில், வயதாகிவிட்டதே என்று கொடுத்த விருது என்று ஒரு இடத்தில் படித்தேன், மனதுக்குக் கஷ்டமாக இருந்தது.

நீலக்குருவி எழுதியது:

இந்தத் திரியை இன்றுதான் பார்த்தேன். இரக்கத்தில் கொடுத்தது என்பதை ஏற்கவே முடியாது. அந்த இரவின் பின்னால் இருபத்தாறு வருடக் கதை ஒன்று இருக்கிறது, அதில் இரண்டு பெண்கள்.

டோனி என்பது பிராட்வே நாடகங்களுக்கான பெரிய விருது. 1960 டோனி விருதில் 'ஸ்வீட் பேர்ட்' நாடகத்துக்காகப் பேஜ் பெயர் பட்டியலில் இருந்தது. வாங்கியவர் ஆன் பேன்க்ராஃப்ட், 'தி மிரக்கிள் வொர்க்கர்' நாடகத்துக்காக. இரண்டு நாடகமும் படமாகின, இரண்டிலும் அவரவர் வேடத்தை அவரவரே செய்தார்கள், 1963 ஆஸ்கரில் மறுபடி அதே இருவர் அதே வேடங்களோடு. மறுபடி பேன்க்ராஃப்ட். (அவர் அன்று வரவில்லை, நியூயார்க்கில் நாடகம் இருந்தது, ஜோன் கிராஃபோர்டு மேடையேறி வாங்கினார்.) ஒரே வேடத்துக்கு ஒரே ஆளிடம் இரண்டு முறை தோற்றார் பேஜ்.

1982-இல் 'ஆக்னஸ் ஆஃப் காட்' பிராட்வேக்கு வந்தது. கன்னியர் மடத்தின் தலைவியாகப் பேஜ், எலிசபெத் ஆஷ்லி, அமாண்டா பிளம்மர். பேஜுக்கு டோனி பரிந்துரை, இந்த முறையும் கிடைக்கவில்லை. 1985-இல் அது படமானபோது கடைசிவரிசை சொன்ன அந்தப் பழைய கதை இவருக்கும் நடந்தது. மடத்தலைவி வேடம் வேறொருவருக்குப் போனது. யாருக்கு என்றால், ஆன் பேன்க்ராஃப்ட்.

இப்போது 1986 மார்ச் இரவுக்கு வாருங்கள். பட்டியலில் பேஜ் கேரி வாட்ஸாக, பேன்க்ராஃப்ட் பேஜ் மேடையில் செய்த அந்த மடத்தலைவியாக, கூடவே மெரில் ஸ்ட்ரீப், ஜெசிகா லாங், ஊப்பி கோல்ட்பர்க். உறையைப் பிரித்தவர் எஃப். மர்ரி ஆப்ரஹாம். பெயரைப் படிப்பதற்கு முன்பே, ஆங்கில மொழியின் மிகச் சிறந்த நடிகை என்று தான் கருதுபவர் இவர் என்று சொல்லிவிட்டுத்தான் படித்தார். அரங்கமே எழுந்து நின்றது. பேஜ் உடனே எழுந்து வரவில்லை, கழற்றிப் போட்டிருந்த செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு மெதுவாகத்தான் வந்தார். இரக்கப்பட்டு நிற்கும் கூட்டத்தின் முகம் அப்படி இருக்காது, காணொளி கிடைக்கிறது, நீங்களே பாருங்கள்.

வாங்கிய பிறகு என்ன செய்தார் என்பதுதான் எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுகிறது. ஹாலிவுட்டில் வீடு பார்க்கவில்லை. அதற்கு முன்பிருந்தே நியூயார்க்கில் மிரர் ரெபர்ட்டரி என்ற சின்னக் குழுவில் நிலைக்கலைஞராக இருந்தார், அந்தத் தொடர்பை விடவில்லை. 1987-இல் பிராட்வேயில் 'ப்ளைத் ஸ்பிரிட்' நாடகத்தில் ஆவிகளோடு பேசும் மேடம் ஆர்காட்டி. அதற்கு நான்காவது டோனி பரிந்துரை, ஜூன் 7 அன்று விழா, அதுவும் கைக்கு வரவில்லை. ஆறு நாள் கழித்து, ஜூன் 13 சனிக்கிழமை, ஆட்டத்துக்கு அவர் வரவில்லை. வீட்டில் மாரடைப்பால் இறந்திருந்தார், வயது 62. நாடகம் நடந்துகொண்டிருந்த நீல் சைமன் அரங்கிலேயே நினைவுக் கூட்டம் வைத்தார்கள். டோனி அவருக்குக் கடைசி வரை கிடைக்கவே இல்லை. மேடைக்கே உயிரைக் கொடுத்தவருக்கு மேடையின் பெரிய விருது ஒன்றுகூட இல்லை என்பது எனக்கு ஆறாத விஷயம்.

வெயில்மரம், மேடை மிச்சம் பற்றி ஒன்று. லிங்கன் சென்டரில் உள்ள நியூயார்க் பொது நூலகம் நாடகங்களைப் படம் பிடித்து வைக்கத் தொடங்கியதே 1970-இல்தான், அதையும் அங்கே நேரில் போய்த்தான் பார்க்க முடியும். 1952-இன் ஆல்மா, 1959-இன் 'ஸ்வீட் பேர்ட்' இரண்டும் அதற்கு முந்தியவை. அந்தப் படங்கள் இரண்டும் இல்லாவிட்டால் நமக்கு ஒன்றுமே இல்லை. அதனால் கை படபடப்போ என்னவோ, நான் அவற்றை மறுபடி மறுபடி பார்ப்பவன்.

வெயில்மரம் எழுதியது:

படித்துக்கொண்டே வந்து செருப்பு இடத்தில் கண் கலங்கிவிட்டது. பேன்க்ராஃப்ட் விஷயம் யாருமே எனக்குச் சொன்னதில்லை. ஒரே ஒரு கேள்வி மிச்சம்: அம்மாவோடு சேர்ந்து பார்க்க, சின்னதாக, அதிகம் பேச்சு இல்லாமல் ஏதாவது உண்டா?

திரைச்சீலை எழுதியது:

'எ கிறிஸ்மஸ் மெமரி'. 1966-இல் தொலைக்காட்சிக்காக எடுத்தது, ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ட்ரூமன் கபோட்டியின் கதை, பின்னணியில் கதை சொல்லும் குரலும் அவருடையதே. ஒரு வயதான பெண்ணும் ஒரு சின்னப் பையனும் காசு சேர்த்து, பழ கேக் செய்து ஊர் பேர் தெரியாதவர்களுக்கெல்லாம் அனுப்புகிறார்கள், பட்டம் விடுகிறார்கள். வேறொன்றும் இல்லை. பேஜுக்கு அப்போது 42 வயது, ஆனால் அந்த நடையும் கழுத்தைச் சாய்க்கும் விதமும் அறுபதைத் தாண்டியவளுடையது. இதற்காகப் பேஜ் தொலைக்காட்சிக்கான எம்மி விருது வாங்கினார். உங்கள் அம்மாவுக்கு மொழி தேவைப்படாது.

கடைசிவரிசை எழுதியது:

திரைச்சீலையோடு இதில் முழு உடன்பாடு. பேஜ் வாழ்ந்த வீட்டைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பேஜ் 1963-இல் நடிகர் ரிப் டோர்னை மணந்தார், இருவரும் 'ஸ்வீட் பேர்ட்' மேடையிலும் படத்திலும் சேர்ந்து நடித்தவர்கள், மூன்று பிள்ளைகள். நியூயார்க் செல்சி பகுதியில் வீடு. வாசல் மணிக்குப் பக்கத்தில் இருவருடைய குடும்பப் பெயரையும் சேர்த்து 'டோர்ன் பேஜ்' என்று போட்டிருந்தார்கள், படித்தால் கிழிந்த பக்கம் என்று பொருள் வரும். இப்போது அதே பெயரில் அந்த வீட்டுக்குள்ளேயே நாடக வாசிப்பும் வகுப்புகளும் நடக்கின்றன. நியூயார்க் பக்கம் போகிறவர்கள் 22-ஆவது தெருவில் மேற்குப் பக்கம் நடந்து பாருங்கள்.

வெயில்மரம் எழுதியது:

'எ கிறிஸ்மஸ் மெமரி' கிடைத்துவிட்டது. இன்று இரவு சாப்பாடு முடிந்ததும் போடப் போகிறேன். அம்மா இப்போதே, 'அந்தப் பஸ் நிலையத்து அம்மாவா?' என்று கேட்டுக்கொண்டு பக்கத்தில் வந்து உட்கார்ந்திருக்கிறார்.