ஒரு வாசலை யாரோ சாத்தியபோது நீங்கள் எந்தப் பக்கம் நின்றீர்கள்?

எஞ்சின்ரூம்வாசி:

உலகம் சுருங்கிவிட்டது என்று யாராவது சொன்னால் எனக்குச் சிரிப்பு வரும். நான் சரக்குக் கப்பலில் எஞ்சினியர். எங்களுக்கு உலகம் பெரிசுதான், வாசல்கள்தான் சின்னது. சூயஸ், செங்கடலின் தென்வாசலான பாப் அல் மண்டப், மலாக்கா, பனாமா என்று நாலைந்து சந்துகள். அவற்றில் ஒன்றை மூடினால் என்ன ஆகும் என்பதை 2023 டிசம்பரில் பார்த்தேன்.

மும்பை பக்கத்து நவசேவா துறைமுகத்தில் கன்டெய்னர்களை ஏற்றிக்கொண்டு ராட்டர்டாம் போகிறோம். வழக்கமான வழி: அரபிக்கடல், ஏடன் வளைகுடா, பாப் அல் மண்டப், செங்கடல், சூயஸ். இஸ்ரேல் தொடர்புள்ள கப்பல்களை அடிப்போம் என்று மிரட்டிய ஏமன் கிளர்ச்சிப் படையான ஹூதிகள், நவம்பரில் ஹெலிகாப்டரில் வந்து இறங்கி ஒரு கார் ஏற்றும் கப்பலையே பிடித்துக்கொண்டு போயிருந்தார்கள். அதனால் நாங்கள் கம்பிச்சுருள் சுற்றி, பதுங்கும் அறைக்கு ஓடிப் பழகி, எல்லாம் தயார். அந்தப் பகுதியில் இருக்கும் நாட்களுக்கு அடிப்படைச் சம்பளம் இரட்டிப்பு. வரமாட்டேன் என்று சொல்லவும் உரிமை உண்டு. மெஸ்ஸில் அதைப் பற்றித்தான் பேச்சு. இரட்டைச் சம்பளம் வேண்டும் என்றவனும் இருந்தான், வீட்டுக்கு போன் போட்டு அழுதவனும் இருந்தான்.

ஒவ்வொரு கப்பலும் தன் பெயர், வேகம், போகுமிடம் எல்லாவற்றையும் ஒலிபரப்பிக்கொண்டே போகும், ஏஐஎஸ் என்போம். அந்தச் சமயத்தில் போகுமிடம் எழுதும் இடத்தில் சில கப்பல்கள் 'எல்லா மாலுமிகளும் சீனர்கள்' என்றும் 'இஸ்ரேலுடன் தொடர்பில்லை' என்றும் போட்டிருந்தன. கடைவீதியில் கலவரம் வந்தால் ஷட்டரில் சாக்பீஸால் எழுதி வைப்பார்களே, அதே மாதிரி. பத்துப் பன்னிரண்டாயிரம் பெட்டி ஏற்றிய கப்பல்களுக்கு அந்தக் கதி.

ஏடன் வளைகுடா வாயிலில் உத்தரவு வந்தது: திரும்பு, நன்னம்பிக்கை முனை வழியாகப் போ. ஆப்பிரிக்காவையே சுற்ற வேண்டும். பயணம் ஏறக்குறைய பன்னிரண்டு நாள் நீண்டது. அதற்கான எண்ணெய்க் கணக்கைப் போட்டது நான்தான். வழக்கமாக ஒரு தடவை போடும் கணக்கை மூன்று தடவை போட்டுப் பார்த்தேன், நம்ப முடியாமல்.

இதில் எனக்குப் புரிந்த விஷயம் ஒன்று. ஹூதிகளுக்குப் பெரிய கடற்படை கிடையாது. உலக நாடுகளில் பெரும்பாலானவை அவர்களை அரசாங்கமாக ஏற்கவும் இல்லை. நீரிணையை ஒட்டிய மோக்கா கரைகூட எதிர்த்தரப்பிடம்தான் இருந்தது. அவர்கள் கையில் இருந்தது ஹொதைதா துறைமுகமும் அதற்குப் பின்னால் உள்ள மலைகளும். சந்தின் குறுகிய இடம் சுமார் 30 கிலோமீட்டர். மலையில் ஏவுகணையை ஒளித்து வைத்திருப்பவனுக்கு அது எட்டிப் பிடிக்கிற தூரம். ஜனவரியில் அமெரிக்காவும் பிரிட்டனும் குண்டு போட்டன. அதற்குப் பிறகும் பெரிய கம்பெனிகள் திரும்பி வரவில்லை. இதில் சண்டையில் இல்லாத எகிப்துதான் நன்றாக அடி வாங்கியது: 2023இல் சூயஸ் வருமானம் 1,000 கோடி டாலருக்கு மேல், 2024இல் 400 கோடிதான்.

எங்கள் செகண்ட் எஞ்சினியர் ஒரு கதை சொல்வார். 1967 அரபு-இஸ்ரேல் போரில் சூயஸ் மூடப்பட்டபோது உள்ளே போயிருந்த கப்பல்களில் 14, கால்வாய் நடுவே உள்ள கிரேட் பிட்டர் ஏரியில் மாட்டிக்கொண்டன. எட்டு வருஷம். மாலுமிகள் மாறி மாறி வந்து காவல் இருந்தார்கள், பொழுதுபோகாமல் தாங்களே தபால்தலை அச்சடித்தார்கள். 1975இல் கால்வாய் திறந்தபோது சொந்த எஞ்சினில் ஊர் போய்ச் சேர்ந்தவை இரண்டே இரண்டு ஜெர்மன் கப்பல்கள். முனையைச் சுற்றியபோது இந்தக் கதையைத் தினமும் சொன்னார், 'நமக்குப் பன்னிரண்டு நாள்தானே' என்று.

இப்படி வாசல் சாத்தியதை நீங்கள் யாராவது நேரில் பார்த்ததுண்டா?

தோஹாவில் பத்து வருஷம்:

பார்த்தேன் அண்ணா, தரையில். 2017 ஜூன் 5, திங்கட்கிழமை, நோன்புக் காலம். காலையில் சைட்டுக்குப் போனால் லேபர்கள் எல்லாம் போனைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள். சவுதி, எமிரேட்ஸ், பஹ்ரைன், எகிப்து நான்கும் கத்தாரோடு உறவை முறித்துவிட்டன. கத்தாருக்குத் தரை எல்லை ஒன்றே ஒன்று, அதுவும் சவுதியோடு. சாயங்காலம் சூப்பர் மார்க்கெட்டில் பால் அடுக்கு மொட்டையாக இருந்தது, கோழியும் இல்லை. பால் அதுவரை அந்த எல்லை வழியாக லாரியில்தான் வந்துகொண்டிருந்தது என்பதே அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும்.

சில நாளில் துருக்கிப் பால் வந்தது. அட்டையில் ஒரு எழுத்தும் புரியாமல், மோரா பாலா என்று தெரியாமல், டீயில் ஊற்றித் திரிந்துபோன கதையெல்லாம் உண்டு. அப்புறம் மாடுகளையே விமானத்தில் இறக்கினார்கள்.

என் வேலையில் அடி விழுந்தது ஜல்லியில். கத்தாரில் கிடைக்கும் சுண்ணாம்புக்கல் நல்ல கான்கிரீட்டுக்கு ஆகாது. கப்ரோ என்ற கருங்கல் ஜல்லி எமிரேட்ஸிலிருந்தும் ஓமனிலிருந்தும்தான் வரும். பாதி வழி அடைபட்டது. ஓமனின் சோஹார் துறைமுகம் கைகொடுத்தது. மற்ற சரக்கும் துபாயின் ஜெபல் அலி துறைமுகத்தை விட்டுவிட்டு அங்கே மாறி வந்தது. எங்கள் சைட் மூன்று வாரம் தூங்கிவிட்டு மறுபடி எழுந்தது.

ஆனால் நான் சொல்லவந்தது வேறு. எல்லாக் கதவையும் சாத்தினார்கள், இரண்டைத் தவிர. கத்தாரிலிருந்து எமிரேட்ஸுக்குக் கடலடியில் ஒரு எரிவாயுக் குழாய் போகிறது, டால்பின் என்று பெயர். மூன்றரை வருஷச் சண்டையிலும் அது நிற்கவே இல்லை. நிறுத்தினால் துபாயில் ஏசி ஓடாது என்று நாங்கள் கேலி பேசிக்கொள்வோம். இன்னொன்று சூயஸ். எகிப்து கத்தாரின் எதிரி, ஆனால் கத்தார் வாயுக் கப்பல்கள் கால்வாயில் போய்க்கொண்டுதான் இருந்தன. 1888இல் போட்ட ஒப்பந்தப்படி எந்த நாட்டுக் கப்பலையும் தடுக்கக் கூடாது. சுங்கப்பணத்தையும் விட மனசு வராது என்று வையுங்கள். 2021 ஜனவரியில் சமாதானம் ஆனபோது கத்தார் பெரிதாக எதையும் விட்டுக்கொடுத்த மாதிரித் தெரியவில்லை. பின்னால் கடல் இருந்தது, தப்பித்தார்கள்.

நாமக்கல் லாரிக்காரன்:

கடல் இல்லாதவன் கதையை நான் சொல்கிறேன் சார். 2015இல் கோயம்புத்தூரிலிருந்து பம்ப்செட் ஏற்றிக்கொண்டு பீகார் ரக்சால் போனேன். நேபாளத்துக்குப் போகும் சரக்கு, அங்கே இறக்கி மாற்ற வேண்டும். எல்லையில் ஒரு பாலம், அந்தப் பக்கம் பீர்கஞ்ச். செப்டம்பரில் நேபாளம் புது அரசியல் சட்டம் கொண்டுவந்தது. தராய்ச் சமவெளியில் இருக்கும் மாதேசிகள் எங்களுக்கு நியாயம் கிடைக்கவில்லை என்று பாலத்திலேயே வந்து உட்கார்ந்துவிட்டார்கள். இந்தியாதான் அடைத்தது என்றது நேபாளம். நாங்கள் அடைக்கவில்லை, உங்கள் ஆட்கள்தான் உட்கார்ந்திருக்கிறார்கள் என்றது இந்தியா. எனக்கு அரசியல் தெரியாது. முன்னால் லாரி, பின்னால் லாரி, அது மட்டும் தெரியும். பதினேழு நாள் கிடந்தேன். கிளீனர் பையன் ரோட்டோரமே அடுப்பு மூட்டிச் சோறு பொங்கினான்.

பக்கத்தில் ஒரு நேபாளி டிரைவர். ஊரில் கேஸ் கிடைக்கவில்லை, வீட்டில் விறகில் சமைக்கிறார்கள் என்றார். பிறகு சிலிண்டரைப் பாதி நிரப்பி விற்கிறார்கள் என்றார். அந்த வருஷம் ஏப்ரலில்தான் நிலநடுக்கம் வந்து வீடெல்லாம் இடிந்திருந்தது, அதற்கு மேல் இது.

அடுத்த வருஷம் நேபாளம் சீனாவோடு சரக்கு வழி ஒப்பந்தம் போட்டது என்று பேப்பரில் படித்தேன். கோபம் நியாயம்தான். ஆனால் அந்தப் பக்கம் இமயமலை. சீனாவின் தியான்ஜின் துறைமுகம் 3,000 கிலோமீட்டருக்கும் மேல். கொல்கத்தா அதில் கால்வாசிதான். லாரி ஓட்டுகிறவனைக் கேட்டால் டீசல் செலவிலேயே பதில் சொல்லிவிடுவான், வெளியுறவுத் துறை தேவையில்லை.

ஐடி தம்பி:

இதெல்லாம் பழைய உலகம், இப்போது எல்லாமே இணையத்தில்தானே என்று எழுதத்தான் வந்தேன். அப்புறம் ஞாபகம் வந்தது. 2024 தொடக்கத்தில் செங்கடலில் மூன்று கடலடிக் கேபிள்கள் அறுந்தன. ஹூதிகள் அடித்து மூழ்கிக்கொண்டிருந்த ஒரு கப்பலின் நங்கூரம் இழுபட்டு அறுத்திருக்கலாம் என்றார்கள். ஐரோப்பா சர்வர் அன்றைக்கு இழுத்த இழுப்பு இருக்கிறதே! கேபிளும் அதே சந்தில்தான் போகிறது. சரி, வாபஸ்.

தூத்துக்குடி டாக்குமென்ட் கிளார்க்:

எல்லாரும் இடம்தான் பலம் என்கிறீர்கள். நான் கொஞ்சம் மறுக்கிறேன். கிழக்கு மேற்குக் கப்பல் பாதை இலங்கையின் தெற்கு முனையை ஒட்டிப் போகிறது. படத்தில் பார்த்தால் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் பெரிய வித்தியாசம் தெரியாது. ஆனால் நான் பில் போடும் பெட்டிகளில் பெரும்பாலானவை சின்னக் கப்பலில் கொழும்பு போய், அங்கே பெரிய கப்பலில் மாறித்தான் ஐரோப்பா போகின்றன. அவர்கள் ஆழம் தோண்டி, பெரிய கிரேன் வைத்து, காத்திருந்தார்கள். நமக்கு நடுவில் ராமர் பாலத்து மணல்திட்டு. சென்னையிலிருந்து தூத்துக்குடி வரும் கப்பல்கூட இலங்கையைச் சுற்றித்தான் வர வேண்டும். 2005இல் அந்தத் திட்டை வெட்டிக் கப்பல் வழி போடும் சேது திட்டத்துக்கு மதுரையில் விழா நடந்தபோது எங்கள் ஆபீஸில் லட்டு கொடுத்தார்கள். லட்டு மட்டும்தான் கிடைத்தது.

2025இல் கேரளாவில் விழிஞ்ஞம் துறைமுகம் திறந்துவிட்டது. இயற்கையிலேயே ஆழம், கப்பல் பாதைக்குப் பக்கம். அந்த இடம் காலம்காலமாக அங்கேதான் இருந்தது, இத்தனை நாள் யாருக்கும் பலம் தரவில்லையே. செங்கடல் மூடியதும் 2024இல் கொழும்பில் இடம் கிடைக்காமல் பெட்டிகள் குவிந்தன. எங்கோ ஏமனில் அடித்தால் என் மேஜையில் ஃபைல் உயர்ந்தது. எஞ்சின்ரூம் சார், உங்கள் கப்பல் அப்போது இந்தப் பக்கம் வந்ததா?

எஞ்சின்ரூம்வாசி:

வந்தோம். திரும்பி வரும்போது கொழும்புக்கு வெளியே நங்கூரம் போட்டு மூன்று நாள் நின்றோம், இடமில்லை என்று. எனக்கு ஊர் மணப்பாடு. அங்கிருந்து நேர்கோட்டில் 250 கிலோமீட்டர்தான். இறக்கி முடித்து நவசேவா போகும் வழியில், முட்டத்துக்கு வெளியே ஒரு இரவு போனில் சிக்னல் ஒரு கோடு காட்டியது. அம்மாவைக் கூப்பிட்டேன். எங்கே இருக்கிறாய் என்றாள். நம் ஊர்ப் பக்கம்தான் என்றேன்.

"அப்போ எறங்கி வந்து ரெண்டு வாய் சாப்பிட்டுட்டுப் போயேன்" என்றாள். பதில் சொல்வதற்குள் அந்த ஒரு கோடும் போய்விட்டது.