பாண்டியில் துணை தேட டேட்டிங் ஆப் உதவுமா?

கெடிலக்கரை:
ஆப்பில் தேடும் தூரத்தை 10 கிலோமீட்டரில் வைத்துவிட்டு ‘ஆளே இல்லை’ என்று புலம்புகிறவர்கள் வரைபடத்தைப் பாருங்கள். ஆப் போடுவது வட்டம். பாண்டியில் நின்றால் அதில் பாதி வங்கக்கடல். மீன்தான் மாட்டும். 30-க்கு ஏற்றுங்கள், கடலூரும் உள்ளே வரும். இலவசக் கணக்கில் லைக்குக்கு அளவு உண்டு, வருகிற முகத்தையெல்லாம் வலப்பக்கம் தள்ளிக் காலி செய்யாதீர்கள். சனிக்கிழமை கூட்டத்தையும் நம்ப வேண்டாம். பலர் வெளியூர்க்காரர்கள், ஞாயிறு மாலை பஸ் ஏறிவிடுவார்கள்.

முத்தியால்பேட்டை:
வட்டம் பெருத்தால் தனிமை இளைத்துவிடுமா தலைவரே? கான்சாஸ் பல்கலைக்கழகத்தின் ஜெஃப்ரி ஹால் 2018-இல் சொன்ன கணக்கு: அறிமுகமானவர் சாதாரண நண்பராகவே சுமார் 50 மணி நேரம் கூடிக் கழிய வேண்டும், நெருங்கிய நண்பராக 200-க்கு மேல். ஆப்பில் ஒரு காபி குடித்ததும் அடுத்த முகம்; மீட்டர் மறுபடி பூஜ்யம். பிரெஞ்சு வகுப்போ ஷட்டில் கோர்ட்டோ, வாரம் 2 மணி நேரம் அதே ஆட்களோடு இருந்தால் 25 வாரத்தில் 50 ஆகிவிடும். ஆட்டம் முடிந்து டீக்கடையில் நிற்பதையும் விடாதீர்கள். சேர்ந்து வேலை பார்த்த நேரம் அவ்வளவாக நெருக்கம் தரவில்லை என்பதும் அதே ஆய்வுதான்.

கெடிலக்கரை:
அது நட்புக் கணக்கு. ஆணைத் தேடும் ஆண் அந்தக் கோர்ட்டில் யாரிடம் வாய் திறப்பான்? ஓரினச்சேர்க்கையைக் குற்றமாக்கிய 377-ஆம் பிரிவின் பிடியை உச்ச நீதிமன்றம் 2018-இல் தளர்த்தியது. டீக்கடை இன்னும் தளர்த்தவில்லை.

முத்தியால்பேட்டை:
நியாயம், அவர்களுக்கு வேறு வழி குறைவு. ஆனால் வெளியே சொல்ல முடியாதவனைத்தான் மிரட்டல் கும்பல் தேடுகிறது. மேட்ச் ஆன சூட்டோடு வாட்ஸ்அப்புக்கு இழுப்பது, நள்ளிரவு வீடியோ கால், சட்டையைக் கழற்றச் சொல்லிப் பதிவுசெய்வது, பிறகு ‘வீட்டுக்கு அனுப்பவா?’ ஒருமுறை கொடுத்தால் தொகை ஏறும், கொடுப்பார் என்று தெரிந்துவிட்டதல்லவா.

உப்பளம்:
இரண்டு பேருமே நடைமுறையை விட்டுவிட்டீர்கள். எண்ணைக் கொடுக்குமுன் ஆப்புக்குள்ளேயே 5 நிமிட வீடியோ கால், முகம் மட்டும். அதற்குச் சாக்குச் சொல்பவரை அங்கேயே விட்டுவிடலாம். முதல் சந்திப்பு பீச் ரோட்டில், மாலை 6-க்கு மேல். வண்டிகள் ஓடாது, ஜனம் இருக்கும். உங்கள் வண்டியிலேயே போய், அதிலேயே திரும்புங்கள். மாட்டிக்கொண்டால் பணம் கட்டாதீர்கள், சாட் உரையாடலை அழிக்காதீர்கள் (பதற்றத்தில் முதலில் செய்வது அதுதான்). எண், யுபிஐ ஐடி எல்லாவற்றையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொண்டு சைபர் குற்ற உதவி எண் 1930-ஐக் கூப்பிடுங்கள்.

முத்தியால்பேட்டை:
இரவு 2 மணிக்குத் தனிமை தாங்காதவருக்கு 14416, டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண். 24 மணி நேரமும், தமிழிலும். அதையும் சேருங்கள்.

கெடிலக்கரை:
சேர்த்தாச்சு. தூரம் 30-லேயே இருக்கட்டும்.