எண்பதாம் கல்யாண ப்ளக்ஸில் எந்த இஞ்சின்?

குழு: பழங்காநத்தம் வீடு

செந்தில் அண்ணன் (4:12): [படம்]
ப்ளக்ஸ் மாதிரி வந்துவிட்டது. ஆறு மணிக்குள் கடைக்குப் பதில் சொல்ல வேண்டும். எல்லோரும் பாருங்கள்.

மீனா அக்கா: தாத்தா அழகு. அப்பத்தா ஏன் ஓரமாக இருக்கிறார்?

பாண்டி சித்தப்பா: என் பெயருக்குப் பின்னால் பி.ஏ. விட்டுப்போயிருக்கிறது.

கார்த்தி: முடித்தவர்களுக்குத்தானே போடுவார்கள் சித்தப்பா

ராசு பெரியப்பா: செந்தில், தாத்தாவுக்குப் பின்னால் நிற்பது வந்தே பாரத்.

செந்தில் அண்ணன்: ஆமாம் பெரியப்பா. ரயில் படம் வேண்டும் என்றேன், கடைப் பையன் அதைப் போட்டுவிட்டான். பளிச்சென்று இருக்கிறதே.

ராசு பெரியப்பா: தாத்தா ஓய்வு பெற்றபோது அது பிறக்கவே இல்லை. மாற்று.

செல்வி அத்தை: படம் எதுவாகவும் இருக்கட்டும். கீழே ‘பாண்டியன் எக்ஸ்பிரஸ் ட்ரைவர்’ என்று போடச் சொன்னேனே செந்தில்?

ராசு பெரியப்பா: செல்வி, அப்பா பாண்டியனை ஒரு நாளும் ஓட்டியதில்லை. அவர் கூட்ஸ் ட்ரைவர்.

பாண்டி சித்தப்பா: ஆரம்பித்துவிட்டது.

செல்வி அத்தை: என்னைப் பெண் பார்க்க வந்தபோது அப்படித்தானே சொன்னீர்கள்? இத்தனை வருடமாக மாமியார் வீட்டில் நானும் அதையே சொல்லிக்கொண்டிருக்கிறேன். இப்போது வாசலில் ப்ளக்ஸ் கட்டி கூட்ஸ் என்பீர்களா?

பாண்டி சித்தப்பா: சொன்னது தரகர். அண்ணன் பக்கத்தில் நின்று தலையாட்டினார், அவ்வளவுதான்.

ராசு பெரியப்பா: அது அப்பா தலையெழுத்து, என் தலையாட்டல் இல்லை. செந்தில், நீ இதைக் கவனி. தாத்தா ஓட்டியது ஒய்.டி.எம்.4. மீட்டர் கேஜ், அதாவது ஒரு மீட்டர் அகலப் பழைய தண்டவாளத்தில் ஓடிய டீசல் இஞ்சின். 1960-களின் தொடக்கத்தில் அமெரிக்காவின் ஆல்கோ கம்பெனியிலிருந்து வந்தது, கனடாவிலிருந்தும் கொஞ்சம் வந்தது. 1968 முதல் வாரணாசியிலேயே கட்டினார்கள். ஆறு சிலிண்டர், சுமார் 1400 குதிரைத்திறன், 72 டன். டீசல் நேராகச் சக்கரத்தைச் சுற்றாது. அது ஜெனரேட்டரைச் சுற்றும், அந்த மின்சாரம் ஆறு அச்சிலும் உள்ள மோட்டார்களை ஓட்டும். திருச்சி பொன்மலை இஞ்சின் ஷெட்டில் நான் அதன் வயிற்றைத் திறந்து பார்த்தவன், எனக்குத் தெரியும்.

மீனா அக்கா: சரி பெரியப்பா

கார்த்தி: 👍

மீனா அக்கா: போடியிலிருந்து எத்தனை பேர் வருகிறீர்கள் அத்தை? சாப்பாட்டுக்காரர் கேட்கிறார்.

செல்வி அத்தை: பதினொரு பேர். காலை முகூர்த்தத்துக்கு ரயில் சரிப்படாது. மதுரை வண்டி இங்கிருந்து மாலையில்தான் கிளம்புகிறது. வேன் பிடிக்க வேண்டும். வேன் வாடகை யார் தருகிறார்கள் என்று இன்னும் யாரும் சொல்லவில்லை.

பாண்டி சித்தப்பா: முந்தின நாள் மாலை வண்டியில் வந்துவிடலாமே அக்கா. அகலப் பாதையாக்க 2010 கடைசியில் நிறுத்திய பாதை. தேனிக்கு 2022-இல்தான் வந்தது, உங்கள் ஊருக்கு 2023. ஏறித்தான் பாருங்கள்.

செல்வி அத்தை: பதினொரு பேருக்கும் உன் வீட்டில் பாய் போடுகிறாயா?

பாண்டி சித்தப்பா: வேன் நல்லது.

ராசு பெரியப்பா: நான் இன்னும் முடிக்கவில்லை. நீராவிக் காலத்தில் பயணி வண்டிக்கு ஒய்.பி., சரக்குக்கு ஒய்.ஜி. என்று தனித்தனி இஞ்சின். டீசலில் அந்தச் சாதி பார்ப்பது கிடையாது. பாண்டியனை இழுத்ததும் ஒய்.டி.எம்.4, தூத்துக்குடி உப்பை இழுத்ததும் ஒய்.டி.எம்.4. படத்தைப் பார்த்து எவனும் கூட்ஸா எக்ஸ்பிரஸா என்று கேட்க முடியாது. செல்விக்கு அது போதும்.

செல்வி அத்தை: எழுத்து?

ராசு பெரியப்பா: எழுத்தில் பொய் வேண்டாம். கூட்ஸ் ஓட்டுவதுதான் கடினம் என்று உன் மாமியார் வீட்டில் சொல். வாக்குவம் பிரேக், குழாயில் காற்றை உறிஞ்சி எடுத்தால்தான் பிடி விடும். கடைசி கார்டு வேன் வரை வாக்குவம் ஏறும்வரை பொறுக்க வேண்டும். அவசரப்பட்டு இழுத்தால் பெட்டிகளை இணைக்கும் கப்ளிங் அறுந்துவிடும். எக்ஸ்பிரஸ் போகட்டும் என்று ஸ்டேஷனில் ஒதுங்கி நிற்கும் லூப் லைனில் மணிக்கணக்காகக் கிடக்க வேண்டும். ஓட்டும் அறைக்கு ஒரு பக்கம் இஞ்சினின் நீள மூக்கு, அது முன்பக்கம் வந்துவிட்டால் ட்ரைவருக்கு எதிர்ப்பக்கம் மறைந்துபோகும். வளைவில் அந்தப் பக்கத்துச் சிக்னலை அசிஸ்டென்ட் பார்த்துக் கூவுவார், அப்பா திருப்பிக் கூவுவார். அந்த இரைச்சலில் கத்திக் கத்தித்தான் வீட்டிலும் அவர் குரல் அப்படி ஆனது.

பாண்டி சித்தப்பா: கோபம் என்று நினைத்து நான் பாதி நாள் மாடியிலேயே படுத்திருந்தேன்.

மீனா அக்கா: 😂

செந்தில் அண்ணன்: பெரியப்பா, அந்த இஞ்சின் படம் நல்லதாக ஒன்று அனுப்புங்கள். நம் வீட்டு ஆல்பத்தில் தாத்தா கேபின் படியில் நிற்கும் படம் இருந்ததே?

கார்த்தி: [படம்]
இதுவா? முகம் தெரியவில்லை. கையில் இரும்புப் பெட்டி, அதில் வெள்ளைப் பெயிண்டில் தாத்தா பெயர். அந்தப் பெட்டி இப்போது அப்பத்தா கட்டிலுக்கு அடியில். உள்ளே கூழ்வடகம்.

மீனா அக்கா: அதனால்தான் வடகத்தில் டீசல் வாடை

செல்வி அத்தை: அந்தப் பெட்டியை எனக்குத் தருவதாக அம்மா சொன்னார்கள்.

ராசு பெரியப்பா: எப்போது?

செல்வி அத்தை: இந்தச் செய்தி நீக்கப்பட்டது.

கார்த்தி: அத்தை, போடி மாமாவும் இந்தக் குழுவில்தான் இருக்கிறார். பாண்டியன் விஷயம் எல்லாவற்றையும் படித்துவிட்டார், நீல டிக் விழுந்துவிட்டது.

செல்வி அத்தை: ஐயோ

போடி மாமா: எனக்குக் கல்யாணமான வருடமே தெரியும். மாமா கூட்ஸ் கொண்டு போடிக்கு வருவார். ஸ்டேஷன் வாசலில் டீ வாங்கிக் கொடுத்திருக்கிறேன். செல்வியிடம் சொல்ல வேண்டாம் என்றார்.

செல்வி அத்தை: இத்தனை வருடம் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லையே நீங்கள்?

போடி மாமா: மத்தியானச் சாப்பாடு சைவமா, கறியா?

மீனா அக்கா: சைவம் மாமா. மறுநாள் வீட்டில் கறி.

ராசு பெரியப்பா: [படம்]
செந்தில், இதுதான் ஒய்.டி.எம்.4. இங்கே பாதைகள் அகலப் பாதையாக மாறியபின் இந்த வகையில் சில மலேசியாவுக்கும் மியான்மருக்கும்கூடப் போயின. பையனிடம் தாத்தாவின் இடுப்பு இஞ்சினை மறைக்காமல் வைக்கச் சொல்.

செந்தில் அண்ணன்: கடைக்காரர் போன் செய்துகொண்டே இருக்கிறார். இஞ்சின் முடிந்தது. கீழே எழுத்து?

ராசு பெரியப்பா: கூட்ஸ் ட்ரைவர், தென்னக ரயில்வே.

செல்வி அத்தை: ரயில்வே ட்ரைவர் என்று மட்டும் போடு.

பாண்டி சித்தப்பா: பி.ஏ. மறக்காதே.

மீனா அக்கா: அப்பத்தாவை நடுவில் வை அண்ணா.

செந்தில் அண்ணன் (6:04): ஏதோ ஒன்றைச் சொல்லிவிட்டேன். நாளைக் காலையில் பார்த்துக்கொள்ளுங்கள்.

ராசு பெரியப்பா: எதை?