ஹரப்பா சுடுமண் சக்கரத்தில் இருப்பது ஆரக்காலா, வெறும் கோடா?

கடையாணி:
"ஹரப்பாக்காரர்கள் கி.மு. 2500இலேயே ஆரக்கால் தேர் ஓட்டினார்கள், பனாவலி சுடுமண் சக்கரமே சாட்சி" என்று நேற்று இங்கே ஒருவர் எழுதியதைப் படித்து எரிச்சல்தான் வந்தது. ஹரியானாவின் பனாவலியில் கிடைத்தது உள்ளங்கையில் அடங்கும் களிமண் வில்லை. நடுவே துளை, ஒரு பக்கம் புடைத்த குடம் (அச்சு நுழையும் நடுப்பகுதி), அதிலிருந்து விளிம்பு வரை சில கோடுகள். இவ்வளவுதான் சாட்சி. குடத்தையும் விளிம்பையும் இணைக்கும் கால்கள்தான் ஆரக்கால்; ஹரப்பா காலத்து மர ஆரக்கால் சக்கரம் ஒன்றுகூட இதுவரை மண்ணிலிருந்து கிடைக்கவில்லை. கோடு என்றால் கோடு. அதை ஆரக்கால் ஆக்கியது நீங்கள்.

தேர்க்கால்:
எழுதியது நான்தான். பெயர் சொல்லியே திட்டலாம், ஒளிய வேண்டாம். பனாவலி மட்டும் இல்லை. காலிபங்கன், ராக்கிகர்ஹி, பிர்ரானா என்ற ஹரப்பா ஊர்கள் எல்லாவற்றிலும் குடத்திலிருந்து விளிம்புக்கு ஓடும் கோடுகள் உண்டு. அவை ஆரக்கால்தான் என்று சொன்னவர் தொல்லியலாளர் பி.பி. லால், காலிபங்கனைத் தோண்டியவர். அவருக்குத் தெரியாதது உங்களுக்குத் தெரிந்துவிட்டதா?

கடையாணி:
தோண்டியவர் சொன்னால் கோடு மரமாகிவிடாது. சக்கரத்தைப் பாருங்கள், ஆளைப் பார்க்காதீர்கள். மரத்தில் ஆரக்கால் செய்யும் ஆசாரி குடத்தில் சம இடைவெளியில் துளை எடுத்தாக வேண்டும். இடைவெளி பிசகினால் பாரம் ஒரு பக்கம் சாய்ந்து வட்டை (சக்கரத்தின் வெளிவளையம்) பிளக்கும். இந்த வில்லைகளில் உள்ள வண்ணக் கோடுகளின் இடைவெளி சமமாக இருக்கிறதா? தூரிகையை இழுத்த போக்கில் இருக்கின்றன. இதே மக்கள்தான் சுமார் 13.6 கிராம் அலகில் எடைக்கற்களை அவ்வளவு துல்லியமாகச் செதுக்கியவர்கள். சமமாகப் போட நினைத்திருந்தால் போட்டிருப்பார்கள்.

தேர்க்கால்:
எடைக்கல் வணிகருக்கு. இது பிள்ளை விளையாடும் பொம்மை. சின்ன வில்லைக்கு யார் அளவு வைத்துக் கோடு போடுவார்? பனாவலியில் இருப்பது வண்ணக் கோடும் இல்லை, புடைப்பு. களிமண் பாதி காய்ந்த பதத்தில் மெல்லிய திரி உருட்டி, குழைசேறு தடவி ஒட்ட வேண்டும். வில்லை முழுக்கக் காய்ந்தபின் ஒட்டினால் சூளையில் உதிர்ந்துவிடும். வெறும் அழகுக்காக ஒரு குயவர் ஏன் இவ்வளவு மெனக்கெட வேண்டும்?

மண்கலம்:
செய்முறை பேச வந்தால் முழுதாகப் பேசுங்கள். உருண்டையைத் தட்டி வட்டமாக்கி, நடுவில் நாணல் குச்சி செருகி, குச்சியைச் சுற்றி மண்ணைப் பிதுக்கினால் குடம். குச்சியை ஈரத்திலேயே திருகி எடுத்துவிட வேண்டும். விட்டுவைத்தால் மண் சுருங்கிக் குச்சியைப் பிடித்துக்கொள்ளும், துளையோரம் வெடிக்கும். இன்னொன்று, குடம் தடிமன், விளிம்பு மெல்லிசு. விளிம்பு முதலில் காய்ந்து சுருங்க, குடம் ஈரத்தோடு எதிர்த்து நிற்கும். விரிசல் விளிம்பிலிருந்து நடுவை நோக்கி வரும். அதற்குத்தான் நிழலில் காயவைத்து விளிம்பில் ஈரத்துணி போடுவது. மண்ணில் மணலோ உமியோ சேர்த்தாலும் சுருக்கம் குறையும். அந்தத் திரிகள் விரிசலை மூட ஒட்டியவையாகவும் இருக்கலாமே?

தேர்க்கால்:
எல்லாம் ஒரே மாதிரி நடுவிலிருந்து கிளம்பும் விரிசலா? கற்பனைக்கும் எல்லை வேண்டும்.

கடையாணி:
விரிசல் கதை எனக்கும் வேண்டாம். சினௌலியைப் பாருங்கள். உத்தரப் பிரதேசம், பாக்பத் மாவட்டம், 2018 அகழாய்வு, காலம் ஏறத்தாழ கி.மு. 2000–1800. அங்கே கிடைத்த வண்டிகளின் சக்கரம் திண்மையானது. ஆரக்கால் இல்லை. ஆனால் அந்தத் திண்மச் சக்கரத்தின் முகத்தில் முக்கோணச் செப்புத் துண்டுகள் நடுவிலிருந்து கதிர்போல் பதிக்கப்பட்டிருக்கின்றன. அதைப் பார்த்து ஒரு குயவர் பொம்மை செய்தால் என்ன வரும்? குடம், சுற்றிலும் கதிர்க்கோடுகள். உங்கள் பனாவலி வில்லைதான் வரும்.

தேர்க்கால்:
சினௌலி பனாவலிக்குப் பல நூறு ஆண்டு பிந்தியது. பிந்தியதை வைத்து முந்தியதை அளக்கிறீர்கள். போன மாதம் சினௌலி விவாத இழையில் "அது தேரே இல்லை, மாட்டு வண்டி" என்று குதித்தவரும் நீங்கள்தானே? அன்று வேண்டாத சினௌலி இன்று எப்படி வேண்டியதானது?

கடையாணி:
இன்றும் அது மாட்டு வண்டி என்றுதான் சொல்கிறேன். மகாராஷ்டிரத்தின் தைமாபாத்தில் 1974இல் கிடைத்த வெண்கல வண்டியும் மாடு பூட்டியது, திண்மச் சக்கரம்.

பெருவழுதி:
கீழடியிலும் வட்டச் சில்லு நிறைய இருக்கிறது. அதை ஏன் யாருமே பேசவில்லை? வடக்கு என்றால்தான் நாகரிகமா?

மண்கலம்:
கீழடிச் சில்லு பானை ஓட்டை உடைத்து விளிம்பைத் தேய்த்தது. குடம் கிடையாது. பல சில்லுகளில் துளையே கிடையாது. அது பாண்டி ஆட. நூல் நூற்கும் தக்களியின் குண்டும் வேறு: இரண்டு முகமும் ஒரே சீர், துளை சிறியது, துளை மையம் விட்டு விலகினால் தக்களி ஆடி நூல் அறும். ஒரு பக்கக் குடம் இருந்தால்தான் வண்டிச் சக்கரம். அகழாய்வுப் பட்டியல்களிலேயே இவை கலந்து கிடக்கின்றன.

பெருவழுதி:
கீழடி என்றதும் பாண்டி விளையாட்டாகிவிட்டது. ஹரப்பா என்றால் தேர்!

நெறியாளர்:
கீழடிக்குத் தனி இழை இருக்கிறது. ஆரக்கால் என்று எதைச் சொல்கிறீர்கள் என்பதை இருவரும் முதலில் வரையறுத்தால் நல்லது.

தேர்க்கால்:
வரையறை எதற்கு? கண் இருந்தால் போதும். குஜராத்தில் உள்ள ஹரப்பா நகரம் தோலாவிரா, அதன் பெயர்ப்பலகையில் பத்து எழுத்துக் குறிகள். அவற்றில் நான்கு முறை வருவது வட்டத்துக்குள் ஆரக்கால் போட்ட குறி. எழுத்திலேயே இருக்கிறதே ஐயா!

கடையாணி:
அந்த எழுத்தை இன்னும் யாரும் ஐயமறப் படிக்கவில்லை. அந்தக் குறி சூரியனாகவும் இருக்கலாம், வேறெதுவாகவும் இருக்கலாம். படிக்காத எழுத்தைச் சாட்சிக்குக் கூப்பிடாதீர்கள். பயனையும் யோசியுங்கள். ஹரப்பா பொம்மை வண்டிச் சட்டங்களில் இரு ஓரமும் வரிசையாகத் துளை. குச்சி நட்டுப் பக்கத்தடுப்பு கட்ட. தானியமும் செங்கல்லும் ஏற்றும் வண்டி. இழுப்பது காளை. காளைக்கு வேகம் வேண்டாம், பாரம் தாங்கினால் போதும். அதற்கு மூன்று பலகை சேர்த்த திண்மச் சக்கரம் போதும். இரும்புப் பட்டா இல்லாத காலத்தில் ஆரக்கால் செய்தால் கோடையில் மரம் வற்றிக் கால் ஆடும். பாரவண்டிக்கு அது எதற்கு?

தேர்க்கால்:
பலகைச் சக்கரம் என்று நீங்களே சொன்னதால் கேட்கிறேன். பலகைகளைப் பிணைக்கும் குறுக்குச் சட்டம் ஒன்றுக்கொன்று இணையாகப் போகும். பனாவலிக் கோடுகள் குடத்தில் கூடுகின்றன. எந்தப் பலகைச் சக்கரத்தில் சட்டம் நடுவில் கூடும்? களிமண்ணில் சின்ன ஆரக்காலுக்கு இடையே ஓட்டை விட்டால் சுடும் முன்பே ஒடியும். அதனால்தான் குயவர் நிரப்பி, மேலே புடைப்பாகக் காட்டினார்.

மண்கலம்:
பிற்கால நகரங்களின் பொம்மைச் சக்கரங்களில் வார்ப்பு அச்சில் அழுத்திய தாமரை இதழே இருக்கிறது. அதுவும் குடத்திலிருந்து விளிம்புக்குத்தான் விரியும். இதழ்ச் சக்கரத்தில் ஊர்போனார்கள் என்பீர்களா? அதைவிடத் துளையைப் பாருங்கள். சக்கரம் அச்சில் சுழன்றிருந்தால் துளையின் உட்புறம் வழவழப்பாகி வாய் அகன்றிருக்கும். புதிதாகவே இருந்தால் அது உருளாமல் எங்கோ வைத்த படையல். அது தெரிந்தால் வீட்டுப் பிள்ளைகளைப் பற்றி ஏதாவது சொல்லலாம்.

தேர்க்கால்:
படையலாம்! தலையாட்டும் காளை, கயிற்றில் ஏறும் குரங்கு, பறவை ஊதல் எல்லாம் செய்த ஊரில் வண்டி மட்டும் படையலா?

கடையாணி:
பேச்சை மாற்றாதீர்கள். கி.மு. 2000 வாக்கில் ரஷ்யாவின் யூரல் பகுதியில் சின்தாஷ்டா பண்பாட்டுப் புதைகுழிகளில் ஆரக்கால் சக்கரத்தின் தடம் மண்ணிலேயே பதிந்து கிடைத்தது. மரம் மக்கினாலும் தடம் நிற்கும். ஹரப்பாவில் அப்படி ஒரு தடம் காட்டுங்கள்.

தேர்க்கால்:
அங்கே வண்டியைக் குழிக்குள் வைத்துப் புதைத்தார்கள், தடம் நின்றது. ஹரப்பாவில் வண்டியைப் புதைக்கும் வழக்கமில்லை. பனாவலியில் புடைப்பு இருக்கிறது. அதற்குப் பதில் சொல்லுங்கள்.

கடையாணி:
சொல்லிவிட்டேன், சினௌலி முக்கோணம்.

தேர்க்கால்:
அது பிந்தியது என்று நானும் சொல்லிவிட்டேன்.

கடையாணி:
கோடு என்றால் கோடு. தடம் வரட்டும், பேசுவோம்.