குவாங்சோவில் அரை நாள், தனி கைடு

கேள்வி (கீழக்கரை):
சீனாவுல குவாங்சோவுக்கு கேன்டன் ஃபேர்ங்கிற வியாபாரக் கண்காட்சிக்கு வந்திருக்கோம், அது முடிஞ்சு ஒரு பகல் மிச்சம். வாப்பாவும் கூட வர்றாங்க, ரொம்ப நடக்க மாட்டாங்க. 4 மணி நேரத்துக்குத் தனி கைடு வச்சா எதைப் பார்க்கலாம் காக்கா?

பதில் (பெரியபட்டினம்):
மூணு இடம் போதும் தம்பி: ஷாமியன் தீவு, சென் குல மண்டபம், ஹுவாய்ஷெங் பள்ளிவாசல். மூணுக்கும் மெட்ரோ 1ஆம் லைன்லயே ஸ்டேஷன் இருக்கு. மண்டபத்துல கூரை முகட்டைப் பாருங்க, நெடுக பீங்கான் பொம்மைங்க. பள்ளிவாசல் மினாரா சுமார் 36 மீட்டர், மொழுமொழுன்னு உருளையா நிக்கும், நம்ம பக்கத்து மினாரா சாயலே கிடையாது. ஜும்ஆ நேரத்துல தொழ மட்டும் போங்க.

பதில் (தொண்டி):
கைடு கூலியில கார் சேர்த்தியான்னு முதல்ல கேளுங்க, பல பேர் கைடோட கூலியை மட்டும்தான் சொல்லுவாங்க. 'கடைக்குக் கூட்டிட்டுப் போகக் கூடாது'ன்னு எழுத்துல வாங்கிடுங்க. இல்லைன்னா கமிஷனுக்காக தேயிலைக் கடை, ஜேடு (பச்சைக்கல்) கடையிலயே ஒரு மணி நேரம் போயிடும். அலிபேயில (அங்க போன்ல பணம் கட்டுற ஆப்) கார்டை ஊர்லயே ஏத்திடுங்க, ஓடிபி இந்திய நம்பருக்குத்தான் வரும். 200 யுவானுக்கு மேல வெளிநாட்டு கார்டுக்கு 3% பிடிப்பாங்க, அதனால கைடுக்கு ரொக்கமே மேல்.

பதில் (ராமநாதபுரம்):
கூகுள் மேப் அங்க உதவாது. ஹோட்டல் விலாசத்தைச் சீன எழுத்துல போன்ல வச்சுக்குங்க. ஹலால் சாப்பாட்டுக்கு 'சிங்ஜென்' போர்டு உள்ள கடையாப் பார்த்துக் கூட்டிட்டுப் போகச் சொல்லுங்க.